ஐம்பத்தாறு என்பது நாற்பத்தொன்பது

நாரின் நகரில் இன்று பூஜ்யத்துக்குக் கீழே இருபத்தேழு.
பட்டறைக் கதவின் அடியில் பழைய கம்பளியைத் திணித்திருக்கிறோம்.
ஒமுர்பெக்கின் வேன் மறுபடி வந்து நிற்கிறது.
மூன்று வாரம் முன்புதான் ஹெட் கேஸ்கெட் மாற்றினேன்.
ஆயில் குச்சியை உருவினால்
ஆறிப்போன டீயின் ஆடை நிறம்.

போல்ட்களைக் கழற்றினேன்.
எதிர்த்து ஒரு வார்த்தை பேசவில்லை அவை.
அங்கேதான் எனக்குச் சந்தேகம் வந்தது.
தொண்ணூறு நியூட்டன் மீட்டரில் பூட்டிய போல்ட்
பிடி விடும்போது ஒரு தடவையாவது கத்தும்.
இவை பத்தும்
சாப்பாடு பிடிக்காத விருந்தாளிகள் மாதிரி
சத்தமில்லாமல் எழுந்து போயின.

நடுவிலிருந்து வெளியே, சுருளாக,
முதலில் முப்பது, அப்புறம் அறுபது, அப்புறம் தொண்ணூறு.
ஒரு சுற்றையும் நான் தாவவில்லை.
புரியில் ஒரு சொட்டு எண்ணெய்,
இரண்டாவது சொட்டைத் துடைத்துவிட்டேன்.
ஒவ்வொரு போல்ட்டிலும் அந்த ‘டக்’ கேட்டது.
கேட்டதை நம்பினேன்.

“குபாத், இந்த ரெஞ்ச் கீழே விழுந்ததா?”

அவன் கையுறையைக் கழற்றினான்.
திரும்ப மாட்டினான்.
“முதல் பனி விழுந்த அன்று” என்றான்,
இரண்டும் ஒரே மாதிரி விழுந்ததுபோல.

எதிர்க்கடை சூரா இறைச்சி நிறுக்கிற தராசில்
கேனோடு தண்ணீர் பத்துக் கிலோ.
ரெஞ்சின் தலையை வைஸில் கடிக்க வைத்து,
நாடா பிடித்து, சரியாக அரை மீட்டரில் கேனைத் தொங்கவிட்டேன்.
பிடியின் சொந்த எடைக்கென்று
ஒரு டம்ளர் கீழே ஊற்றினேன்.
ஓரத்தில் தண்ணீர் உறையத் தொடங்கியிருந்தது.
உறையட்டும்.
ஐஸானாலும் அதன் எடை மாறாது,
தண்ணீரின் நாணயம் அப்படி.

கணக்குப்படி நாற்பத்தொன்பது.
ஐம்பதில் வைத்தால் ரெஞ்ச் வாய் திறக்கவே கூடாது.
டக்.
ஐம்பத்திரண்டு. டக்.
ஐம்பத்தைந்து. குபாத் டார்ச்சை வேறு கைக்கு மாற்றினான்.
டக்.
ஐம்பத்தாறு. டக்.
ஐம்பத்தேழில்தான் கேன் சும்மா ஆடியது.

ஆக, நான் தொண்ணூறு என்று பூட்டியதெல்லாம்
எழுபத்தொன்பதுகூட முழுசாக இல்லை.
மிஞ்சினால் போல்ட் நீளும், அறும், அன்றைக்கே தெரியும்.
குறைந்தது உடனே தெரியாது.
நன்றி வாங்கிக்கொண்டு, காசும் வாங்கிக்கொண்டு
மலையேறிப் போய்விடும்.

முதல் பனிக்குப் பிறகு மூன்று வண்டிகள்.
ஒன்று முன்னால் நிற்கிறது.
டீச்சர் மேரிமின் ஆடி இரண்டு தெரு தள்ளி.
மூன்றாவது சாகினுடையது:
ஐந்நூறு சோம் குறைத்துக் கொடுத்துவிட்டு
வாசலிலேயே என்னைத் திட்டியவன்.
இந்நேரம் பன்னிரண்டு ஆட்டோடு
தோலோன் கணவாய்க்குக் கீழே இருப்பான்.

நான்காம் தடவை போனை எடுத்தான்.
“மிச்சக் காசுக்கா கூப்பிடுகிறாய், சால்கின்?”
“இல்லை. ஏறாதே. திரும்பு.”
“என்ன தப்பு?”
“என் தப்பு” என்றேன்.
பின்னால் ஆடுகள் கத்தின.
அவன் வெகுநேரம் ஒன்றும் சொல்லவில்லை.
இண்டிகேட்டர் சத்தம் மட்டும்,
டக், டக்,
ரெஞ்சைவிட ஒழுங்காக.

இரவு பதினொன்றரைக்கு வந்தான்.
ஆடுகளை சூராவின் கொட்டகையில் அடைத்தோம்.
எஞ்சின் ஆறும் வரைக்கும் யாரும் பேசவில்லை.
நூற்று மூன்றில் வைத்தேன். அதுதான் இனி தொண்ணூறு.
எவ்வளவு பொய் என்று தெரிந்துவிட்டால்
பொய்யனை வைத்தும் வேலை பார்க்கலாம்.
ஒவ்வொன்றாகத் தளர்த்தி, ஒவ்வொன்றாக இறுக்கினேன்.
குபாத்தான் டார்ச் பிடித்தான்,
கேட்காமலே, கை நடுங்காமல்.

பெட்டியின் மூடியில் சாக்பீஸால் தேதி எழுதினேன்:
விழுந்தது. 56 = 49.
கீழே அவன் பெயரையும் எழுதப் போய்
என் பெயரை எழுதினேன்.

காலையில் அதே சாகினின் வேனில்,
ஆடுகளுக்கு நடுவே, போர்வை சுற்றி,
பிஷ்கெக்குக்கு அளவு பார்க்கப் போனது ரெஞ்ச்.
“வழியில் கீழே போட்டுவிடாதே” என்றேன்.
ஐந்நூறு சோமைப் பற்றி அவனும் பேசவில்லை,
நானும் கேட்கவில்லை.