இனிக் கடல் இல்லை

வாரத்தில் ஆறு நாள்
தண்ணீரை வெளியே தள்ளுவது என் வேலை.
ஸீலாந்தில், கடல் மட்டத்துக்கு
ஓர் ஆள் உயரம் கீழே கிடக்கிற வயல்களில்
மழை தேங்கினால் என் பம்புகள் உறுமும்.
ஏழாம் நாள், ஃப்ளிஸ்ஸிங்கன் துறைமுகத்து
மாலுமிகள் ஆலயத்தில் காப்பி போடுவேன்.
ஆள் வராவிட்டால் வசனமும் வாசிப்பேன்.

அன்று போதகருக்குத் தொண்டை கட்டியிருந்தது.
புத்தகத்தை என்னிடம் நீட்டினார்.
புதிய வானம், புதிய பூமி,
இனிக் கடல் இல்லை.

எங்கள் வீட்டில் இந்த வரிக்கு
மறுபேச்சு இருந்ததில்லை.
ஐம்பத்து மூன்றின் வெள்ளத்தில்
அப்பாவின் வேதபுத்தகம்
இரண்டு நாள் சமையலறையில் மிதந்தது.
கடைசிப் பக்கங்களைப் பிரித்தால்
இன்றைக்கும் விரலில் உப்பு ஒட்டும்.
இந்த வரியின் ஓரத்தில்
பென்சிலால் இரண்டு பெயர் எழுதியிருப்பார்:
பீட்டெர்னெல்லா. கொர்னேலிஸ்.
தங்கையும் தம்பியும்.
பரலோகம் எப்படி இருக்கும் என்று
சின்ன வயதில் ஒரு முறை கேட்டேன்.
"காய்ந்து இருக்கும்" என்றார்.

அதனால் நான் வாசித்தது
வேலை முடிந்தது, கணக்கைத் தீர்த்துக்கொள் என்று
மேஸ்திரி சொல்வதைப் போல.

பின்வரிசையில் ஒரு கை உயர்ந்தது.
எங்கள் ஆலயத்தில் யாரும் கை உயர்த்துவதில்லை.
நபுவாக்கா, கிரிபாட்டித் தீவுக்காரர்,
உரக்கப்பலில் எஞ்சின் பார்ப்பவர்.
"கடல் இல்லை என்றால்
எங்களை எங்கே வைப்பார்?"

அவருடைய தீவின் அகலம்
இந்தப் பீடத்திலிருந்து மீன்சந்தை வரைதானாம்.
நடுவில் நின்று தலையைத் திருப்பினால்
இரண்டு பக்கமும் தண்ணீர்.
"சோறு அதில். வழி அதில்.
இதைக் கேட்கும்போது
யாரோ வீட்டை இடிக்கிற சத்தம் கேட்கிறது எனக்கு."

ஆனால் அது உங்கள் தீவையும்
விழுங்கிக்கொண்டுதானே வருகிறது என்றேன்.
கேட்டிருக்கக் கூடாது.
கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார்.
"அம்மாவுக்குக் கோபம் வந்தால்
அம்மாவே வேண்டாம் என்பீர்களா?"

போதகர் கம்மிய குரலில் விளக்கினார்:
இந்தக் கடல் தண்ணீர் அல்ல,
மிருகம் எழும்பி வருகிற ஆழம்,
எழுதியவர் தீவில் சிறையிருந்தவர்,
அவருக்குச் சுற்றிலும் அலைதான் மதில்.
சரியான விளக்கம்.
நானும் நபுவாக்காவும் மரியாதையாகத் தலையாட்டினோம்.
ஈரம்தான் இல்லை அதில்.

கோப்பைகளைத் துடைத்துக்கொண்டிருந்த லெத்தெகிதான்
துணியைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தாள்.
எரித்ரேயாக்காரி. அதிகம் பேசாதவள்.
என் கையிலிருந்த புத்தகத்தில்
ஒரு பக்கம் பின்னால் திருப்பினாள்.
விரலை வைத்தாள்.
அங்கே கடல், தன்னிடம் உள்ள மரித்தவர்களைத்
திருப்பிக் கொடுக்கிறது.

"இது முதலில் வருகிறது" என்றாள்,
சம்பளக் கவரை எண்ணிப் பார்க்கிற குரலில்.
"கொடுத்துவிட்டுத்தான் போகலாம்.
லாம்பெதூசாவுக்கு இந்தப் பக்கம்
என் தம்பி இருக்கிறான்."

நாற்பது வருடமாக வாசிக்கிறேன்.
எந்தப் பக்கம் முன்னால், எது பின்னால் என்று
ஒரு நாளும் நான் பார்த்ததில்லை.

காப்பி ஆறிப்போனது.
மாலை ஏற்றத்தோடு உரக்கப்பல் கிளம்பியது.

ராத்திரி அப்பாவின் புத்தகத்தை எடுத்தேன்.
அந்த இரண்டு பெயருக்குக் கீழே இடம் இருந்தது.
பென்சிலைச் சீவி வைத்துக்கொண்ட பிறகுதான்
அவள் தம்பியின் பெயரைக்
கேட்கவே இல்லை என்பது உறைத்தது.

இரண்டு மணிக்கு மழை.
எழுந்து போய்ப் பம்பைப் போட்டேன்.
வயலில் நின்ற தண்ணீர்
குழாய் ஏறி, அணையைத் தாண்டி,
இருட்டில் அந்தப் பக்கம் விழுந்தது,
நபுவாக்காவின் வீட்டுக்குள்.