கையெண்ணுபவன்

ஹின்டர்மாட் கிமைண்டேயின் கடைசிக் கூட்டத்துக்கு
எண்பத்தொரு பேர் வந்திருந்தோம்.
உடற்பயிற்சி மண்டபம். கூடைப்பந்து வளையத்தின் கீழே
தலைவர் கஸ்பார் துர்ரர்,
அவர் தகப்பன் இருந்த அதே கதிரையில்.

மேசையின் மற்றப் பக்கம்
கன்டோன் அனுப்பிய பெண், முப்பது வயது இராது,
திரையில் வரைபடம் போட்டாள்.
ஆறு ஊர்கள் ஆறு நிறத்தில்.
விரலொன்றை அசைத்தாள்.
ஆறும் ஒரே சாம்பல்.

பாடசாலையில் ஏழு பிள்ளைகள்.
பொருளாளர் பதவிக்கு மூன்று வருடமாய் ஆளில்லை.
சேர்ந்தால் இருபத்துமூன்று லட்சம் பிராங்.
அவள் சொன்னது எல்லாம் சரி.
புத்தக ஜெர்மனில் சொன்னாள்,
அதுதான் பிழை.
பின்வரிசையில் கைகள் நெஞ்சுக்குக் குறுக்கே ஏறின.

இந்த மண்டபம் எனக்குப் பழக்கம்.
பதினெட்டு வருடம் முன்பு
குடியுரிமை கேட்டவன் வெளியே நிற்கட்டும் என்றார்கள்.
சைக்கிள்களுக்கு நடுவில் நின்றேன்.
கை உயர்வதற்குச் சத்தம் கிடையாது என்று
அன்றைக்குத்தான் தெரிந்தது.
துர்ரர் வெளியே வந்தார், தொப்பி கையில்.
"வேலை திறம். ஆனால் உன்னைத்
தீயணைப்புச் சங்கத்தில் கண்டவர் ஒருவருமில்லையே."
அவருடைய மரக்காலையில்தான் அப்போதும் வேலை.
மறுநாள் ஏழு மணிக்குப் போனேன்.
பலகை பலகைதான்.

பிறகு, தூரத்து நகரில் யாரோ நீதிபதிகள்
காரணம் சொல்லாமல் கைவிரிக்கக்கூடாது
என்று எழுதினார்கள்.
அந்தத் தாள் இல்லையென்றால்
இன்றைக்கும் நான் சைக்கிள்களோடு.

இந்த நாட்டுக் கடவுச்சீட்டில்
பிறந்த ஊருக்கு இடமில்லை.
பூர்வீக ஊர் என்றொரு கட்டம் உண்டு.
என் கட்டத்தில்: ஹின்டர்மாட்.
வலிகாமத்தில் பிறந்தவனின் பூர்வீகம்
முந்நூறு பசுவும் ஒரு மணிக்கூண்டும்.
சிரித்துச் சிரித்து மனைவிக்குப் புரையேறியது.
இன்றிரவு ஆம் என்றால்
அதிலும் வேறு பெயர் ஏறும்,
ஒரு குழு கூடி, கோப்பி குடித்து, உண்டாக்கிய பெயர்.

போன செவ்வாய் துர்ரர் வீட்டுக்கு வந்தார்.
இருபத்தாறு வருடத்தில் முதல் தடவை.
சப்பாத்தைக் கழற்றவா என்று கேட்டார்.
முக்கால் கிலோ சீஸ், பழைய செய்தித்தாளில் சுற்றி.
எங்களூர் விதானையாரும் இப்படித்தான்,
தன் தேவைக்குத்தான் அடுத்தவன் படலை தெரியும்.
தேத்தண்ணிக்கு மூன்று கரண்டி சீனி போட்டார்.
"நாங்கள் இல்லாமல் போனால்
மலையிலிருந்து வரும் தண்ணியை யார் பங்கிடுவது,
கீழே இருக்கும் கணினியா?"
தமிழென்றால் கேட்டிருப்பேன்: நாமா, நாங்களா?
அவர் பேச்சில் இரண்டுக்கும் ஒரே சொல்.
அவருக்கே தெரிந்திருக்காது
என்னை எந்தப் பக்கம் வைத்தார் என்று.
தண்ணீர் விஷயத்தில் அவர் சொன்னது பொய்யில்லை,
அதுதான் இரவில் நித்திரையைக் கெடுத்தது.

வாக்கெண்ண ஒருவர் வேண்டும்.
வழக்கம்போல் யாரும் அசையவில்லை.
எழுத்தர் ஆஷ்வான்டன் பட்டியலைப் பார்த்து
முழுப்பெயரையும் தடக்காமல் சொன்னாள்:
சிவநேசராசா கந்தவனம்.
எழுந்தேன்.

உள்ளங்கைகளை அன்றுதான் ஒழுங்காய்ப் பார்த்தேன்.
விரல் குறைந்த கை ஒன்று, எங்கள் மரக்காலை தின்றது.
மாவு உலராத கை. மோதிரம் கழற்றிய கை.
பாதி உயர்ந்து, பக்கத்து வீட்டாரைப் பார்த்து,
தலை சொறியப் போன கை.

சேர்வதற்கு முப்பத்தொன்பது.
சேராமலிருக்க முப்பத்தெட்டு.
எதற்கும் தூக்காதவர் மூவர், அதில் ஒருவர் நித்திரை.
சரிக்குச் சரி வந்தால் தலைவர் சொல்வதே முடிவு,
அப்படியொரு விதி, துர்ரர் வீட்டு மேசையில் எழுதியது.

"உன்னை எண்ணினாயா?" என்றாள் ஆஷ்வான்டன்.

இல்லை.
அறுக்கிறவன் தன்னைப் பலகைக் கணக்கில் சேர்ப்பதில்லை.
ஒரு கையில் பென்சில், மறு கையில் தாள்.
துர்ரர் என்னைப் பார்க்கவில்லை,
கதிரையின் கைப்பிடியை நகத்தால் சுரண்டினார்.
கன்டோன் பெண் தன் தாள்களில்
என் பெயரைத் தேடிக்கொண்டிருந்தாள்.

பென்சிலைக் காதில் செருகினேன்.