பதினோரு பந்து

காவல்கிணறு விலக்கில் ஜீப்பில் ஏற்றினேன் அவரை.
வேட் ஹாலரன். காற்றாலை இறக்கையில்
விரிசல் பார்க்க ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தவர்.
ஆறடி நாலு அங்குலம். முட்டு டேஷ்போர்டில் இடித்தது.
ஆடி மாசம். கணவாய்க் காற்று
கதவைத் திறக்க விடவில்லை,
திறந்தால் மூட விடவில்லை.

வலது முழங்கையின் உள்பக்கம்
பூரான் படுத்திருப்பதுபோல் ஒரு தழும்பு.
நான் கேட்கவில்லை. மூன்றாம் நாள்
ராதாபுரம் ரோட்டில், ஆடு கடக்க நின்றபோது
அவராகச் சொன்னார்:
இடது மணிக்கட்டில் நாரெடுத்து
இங்கே தைத்தார்களாம்.
பேஸ்பால். எறிகிற வேலை.

வார்த்தையில் பாதி, கையில் பாதி.
பெர்த்துக்குத் தெற்கே பால்மாட்டுப் பண்ணை.
பதினெட்டில் அமெரிக்கா.
ஒன்பது வருஷம் சின்ன ஊர்கள், ராத்திரி பஸ்கள்,
ஓர் அறையில் நாலு பேர்,
நாலு பேருக்கும் ஒரே சலவைச் சோப்பு.
பிறகொரு ஜூன் மாசம்
யாருக்கோ தோள்பட்டை பிடித்துக்கொள்ள
இவருக்கு போன் வந்தது.
பெரிய மைதானம். நாற்பதாயிரம் பேர்.
பதினோரு பந்து எறிந்தார்.
ஒன்று மதிலுக்கு அப்பால் போய் விழுந்தது.
மறுநாள் திரும்பவும் பஸ்.
அடுத்த வருஷம் கை அறுந்தது.
தைத்த கையோடு அடிலெய்டில் இரண்டு வருஷம்,
சம்பளம் பெட்ரோலுக்குச் சரி.
உயரத்துக்குப் பயமில்லை, அதனால் காற்றாலை.

“பதினொண்ணுதானா?” என்றேன்.
“பதினொண்ணு” என்றார்,
நிலத்தின் சர்வே நம்பர் சொல்வதுபோல.

ஞாயிற்றுக்கிழமை வடக்கன்குளம் பொட்டலில்
எங்கள் பையன்களுக்குப் பந்து போட்டார்.
முட்டை நெஞ்சுவரை தூக்கி
ஒற்றைக்காலில் கொக்காக நின்று
எறிந்தார்.
சத்தம் வந்தது. பந்தை யாரும் பார்க்கவில்லை.
அம்பயர் ஞானப்பிரகாசம் சார் கையை நீட்டினார்:
“நோபால். முழங்கை மடங்குதுல்லா.”
எல்லாரும் சிரித்தார்கள்.
காரணம் கேட்டுக்கொண்டு அவர் இன்னும் பலமாக.

நான் சிரிக்கவில்லை.

பத்தொன்பது வயசில் பாளையங்கோட்டையில்
மாவட்ட அணித் தேர்வு. ஏழு பந்து போட்டேன்.
ஏழுக்கும் அதே நீட்டிய கை.
பிறந்ததிலிருந்தே நேராகாத முழங்கை எனக்கு.
சட்டை தைக்கிறவனுக்குத் தெரியும்,
தேர்வாளருக்கு யார் சொல்ல?
நான் வந்த பஸ்ஸுக்கு முன்னால்
ஊருக்கு வந்துவிட்டது பேர்:
எறி தங்கப்பழம்.
ரேஷன் கடையிலும் அப்படித்தான்.
கல்யாணப் பத்திரிகையில் மட்டும் விட்டுப்போயிற்று.

இதையெல்லாம் அவரிடம் சொல்ல
என்னிடம் இங்கிலீஷ் இல்லை.
சட்டைக் கையைச் சுருட்டி முழங்கையைக் காட்டினேன்.
பார்த்தார். விரலால் ஒருமுறை தொட்டார்.
டூல்பாக்ஸைத் திறந்து, ஸ்பானர்களுக்கு அடியிலிருந்து
ஒரு பந்தை எடுத்தார்.
வெள்ளைத் தோல், சிவப்புத் தையல்.

எதிர்காற்று. நாற்பத்தி நாலு வயசு.
எறிந்தேன்.
நூற்றிப் பன்னிரண்டாம் நம்பர் காற்றாலைத் தூணில்
போய் மோதியது.
தூணுக்குள் அந்தச் சத்தம்
மேலே மேலே ஏறிப் போவதை
ரெண்டு பேரும் அண்ணாந்து கேட்டோம்.

கை நீட்ட அங்கே ஆளில்லை.
அவர் ஒரு விரலைக் காட்டினார்.
அப்புறம் பத்து விரல்.

டார்ச்சை எடுத்துக்கொண்டு
உடைமரத்துக்கு அடியில் பந்து தேடப் போனேன்.
செருப்பைத் துளைத்து ஏறியது முள்.
பின்னால் ஜீப்புக் கதவைக்
காற்று அடித்துக்கொண்டே இருந்தது.