கேள்வி இருந்த இடம்

படப்பிடிப்பு முடிந்ததும்
யாரும் நகரக் கூடாது என்பீர்கள்.
ஒரு நிமிடம்.
மைக்கை உயர்த்திப் பிடித்து
அந்த இடம் சும்மா இருக்கும் சத்தத்தை
நான் பதிவு செய்வேன்.

மொஹாவிப் பாலைவனக் கொட்டகைகளில்
தகரம் வெயிலுக்கு முனகும்.
காற்றுச் சுரங்கத்தை நிறுத்திய பிறகும்
உள்ளே ஏதோ மூச்சு வாங்கும்.
செயற்கைக்கோளுக்குப் பொன்தாள் போர்த்தும் அறையில்
வெள்ளை அங்கிகளின் உரசல்
அரிசி களைவதுபோல் கேட்கும்.

வில்மா,
முப்பத்தொரு வருடம், நாற்பத்திரண்டு படங்கள்.
ஒன்றில்கூட உங்கள் குரல் இல்லை.
கேள்வியைக் கத்தரித்துவிட்டு
பதிலை மட்டும் ஒளிபரப்புவது நம் வழக்கம்.
கத்தரித்த பள்ளத்தில்
அந்த ஒரு நிமிடத்திலிருந்து
ஒரு கைப்பிடி அள்ளிப் போட்டு மூடுவேன்.
எஞ்சினியர்கள் தாமாகவே
எவ்வளவு தெளிவாகப் பேசுகிறார்கள் என்று
பேக்கர்ஸ்ஃபீல்டிலிருந்து
ஒரு சலவைக்கடைக்காரர் கடிதம் எழுதினார்.

தெளிவா!
வெப்பக் கவசம் செய்த ஹாரல்ட் ட்வீட்
அன்று காலை முழுக்க எண்களாகவே பேசினார்.
"ஹாரல்ட், அடுப்பில் ரொட்டி கருகிப்போனால்
மனைவியிடம் என்ன சொல்வீர்கள்?"
சிரித்தார். யோசித்தார்.
"மேல்தோல் எரிந்தால்தான்
உள்ளே இருப்பது பிழைக்கும்."
அந்த வரி பள்ளிக்கூடச் சுவர்களில் ஏறியது.
ரொட்டி
என் பிஸ்கட் டப்பாவில் கிடந்தது.

எண்பத்தொன்பது, மார்ச்.
சோதனை மேடையில் எஞ்சின்
நான்காவது நொடியில் சிதறியது.
யாருக்கும் காயமில்லை.
ஆறு வருட உழைப்பு
புதர்களுக்கிடையே துண்டுதுண்டாய்ப் புகைந்தது.
ரூபன் எஸ்கமீயா கேமரா முன் வந்து நின்றார்.
நீங்கள் வாயைத் திறந்தீர்கள்.
மூடிக்கொண்டீர்கள்.
அவர் தொப்பியைக் கழற்றினார், மடித்தார்,
மறுபடி பிரித்தார்.
பதினொரு நொடி.
"எரிபொருள் குழாயில் ஒரு விரிசல்.
சோதித்த தாளில் என் கையெழுத்து."

கேள்வியே இல்லை.
மூடுவதற்கு எனக்குப் பள்ளமும் இல்லை.

ஒளிபரப்பான இரவு
நிலையத்துக்கு நாற்பது போன்:
சத்தம் போய்விட்டது, சரிசெய்யுங்கள்.
இரண்டு நொடியாகக் குறைக்கலாமே என்றார் மேலாளர்.
அறிவியல் என்பதே அந்த மௌனம்தான் என்று
நீங்கள் சொல்லியிருந்தால் அழகாக இருந்திருக்கும்.
நீங்கள் சொன்னது:
"எட்கர்டோ மூன்று மைக் வைத்துப் பிடித்திருக்கிறான்.
வெட்ட மாட்டேன்."

நேற்று லங்காஸ்டரில்
பௌலிங் கூடத்தின் பின்னறையில்
உங்களுக்குப் பிரிவுபசாரம்.
மற்றவர்கள் ராக்கெட் எழும் காட்சிகளைக்
கோத்துக்கொண்டு வந்திருந்தார்கள்.
நான் டப்பாவைத் திறந்தேன்.
தரையிலிருந்து பொறுக்கிய நாடாத் துணுக்குகள்.
வரிசை பார்க்காமல் ஒட்டியிருந்தேன்.

பயந்தீர்களா?
மன்னிக்கவும், இன்னொரு தடவை, எண் இல்லாமல்?
இது இல்லாமலும் பறக்குமா, பறக்குமென்றால் ஏன் வைத்தீர்கள்?
தவறை முதலில் பார்த்தது யார்?
ரொட்டி கருகிப்போனால்?

ஏழு நிமிடம். ஒரு பதிலும் கிடையாது.
சுவருக்கு அப்பால் பந்துகள் உருண்டன,
கட்டைகள் விழுந்தன.
யாரோ கேக் தட்டைக் கீழே வைக்க மறந்து
கையிலேயே வைத்திருந்தார்.

முடிந்ததும் என் பக்கம் குனிந்தீர்கள்.
"மூன்றாவது மோசம்.
இரண்டு கேள்வியை ஒன்றாய்த் திணித்திருக்கிறேன்."

அப்புறம், கூடத்தைச் சுற்றிப் பார்த்துவிட்டு,
"இந்த இடத்தைப் பிடித்தாயா?"

மைக்கை
வீட்டில் வைத்துவிட்டு வந்திருந்தேன்.