காலுக்கு

மருந்துக்கடைப் பையனிடம்
சேத்துப்புண்ணுக்கு என்றேன்.
அவருக்கா அக்கா?
அவருக்குத்தான்.
ஆறு மாதத்தில் நாலாவது டியூப்.
ஆம்பூரில் சேறு எங்கே மிதித்தார் என்று
அந்தப் பிள்ளை கேட்கவில்லை.
பாலாற்றில் மணலே இல்லை.

லாரி ஷெட்டில் கணக்கெழுதுகிறவர்
என் வீட்டுக்காரர்.
வெடிப்புகூட இல்லாத பாதம்.
பாவம்,
பழியை அந்தக் காலின் தலையில் போட்டேன்.

மேல்தோல் தைக்கிற லைனில்
ஒன்பதாவது மெஷின் என்னுடையது.
திடீரென்று கழுத்தடியில் பற்றிக்கொண்டு
காதுவரை ஏறும்.
கத்திரி வெயில் அப்படித்தான் என்பார்கள்.
வட ஆற்காட்டில் இதை வேறெதுவென்றும்
யாரும் நம்பமாட்டார்கள்.
கார்த்திகையிலுமா?

கீழே அரிக்கிறது.
கீழே என்பதுதான் எங்கள் வீட்டில் அதற்குப் பேர்.
மாடிக்காரம்மா
கீழே யாரோ வந்திருக்காங்க என்றாலும்
எனக்குத் திக்கென்கிறது.
வேப்பிலைத் தண்ணீர், தயிர், மஞ்சள் எல்லாம் பார்த்தாயிற்று.
டெட்டால் ஊற்றியதை மட்டும்
யாரிடமும் சொல்லவில்லை.
அன்றைக்கு முழுக்க
நின்றுகொண்டே தைத்தேன்.

ஐப்பசி மழையில்
ஏற்றுமதிப் பெட்டி ஒன்றில் பூஞ்சணம் பூத்தது.
ஒரே ஒரு ஜோடி,
இடது குதிகாலுக்குமேல் ஒரு ரூபாய் அகலம்.
கடல் தாண்டிப் போய்ப் படமாய்த் திரும்பி வந்தது.
மேனேஜர் கூட்டம் போட்டார்.
ஈரம் உறிஞ்சும் மெஷின் இரண்டு வந்தது.
பெட்டிக்குப் பெட்டி உப்புப் பொட்டலம்.
தோலுக்கு மூச்சு முட்டக்கூடாதும்மா,
காற்று வேணும், என்றார்.
ரெக்சின் நாற்காலியில்
ஒன்பது மணி நேரமாய் உட்கார்ந்து
கேட்டுக்கொண்டிருந்தேன்.
கழிப்பறைக்கு ஷிப்டுக்கு இரண்டு வில்லை.
தண்ணீர் குடிப்பதை விட்டு வெகுநாளாயிற்று.

கடைசியில் ஒருநாள் லீவு போட்டு
வேலூர் பஸ் ஏறினேன்.
பள்ளிகொண்டா தாண்டுவதற்குள்
மூன்று முறை திரும்பிவிடலாமென்று நினைத்தேன்.

டாக்டர் சின்னப்பெண்.
கடைசியாக எப்போ நின்னுச்சு?
பொங்கலுக்கு வந்தது, பிறகு ஆடிப்பெருக்குக்கு.
அப்புறம் வழி மறந்துடுச்சும்மா.
சிரித்தாள். பரிசோதித்தாள்.
பஞ்சுக்குச்சியில் எடுத்து அனுப்பினாள்,
சர்க்கரைக்கு ரத்தமும் எடுத்தார்கள்.
சாயங்காலம் கூப்பிட்டுச் சொன்னாள்:
முன்னாடி வந்தது பூஞ்சையா இருந்திருக்கலாம்,
இப்போ அது இல்லை.
இது வறட்சி. இந்த வயசுல
அங்க தோல் மெலிஞ்சுபோகும்.
நீங்களா வாங்கித் தடவினதுதான்
இன்னும் எரிச்சிருக்கு.
மறுபடி வந்தா காட்டிட்டுத்தான் மருந்து.
சர்க்கரையும் விளிம்புல நிக்குது, கவனம்.

தோல் என்றாளே.
இருபத்தேழு வருஷமாய்த்
தோலில் கை வைத்துப் பிழைக்கிறேன்.
காய்ந்த தோலில் ஊசியை ஓட்டாதே, கிழியும்,
எண்ணெய் தொட்டுத் தடவு, கொஞ்சம் பொறு என்று
லைனுக்கு வரும் புதுசுகளுக்கெல்லாம்
சொல்கிறவள் நானேதான்.

மறுநாள் கைகழுவுமிடத்தில் தஹ்சீன்.
பதினோராவது மெஷின்.
அக்கா, அன்னிக்கு உன் பையில பார்த்தேனே,
அந்த டியூப் பேரு இன்னா?
எதுக்குடி?
எங்க ஊட்டுக்காரருக்கு. கால்ல.

திரும்பி லைனைப் பார்த்தேன்.
நாற்பத்திரண்டு மெஷின்.
நாற்பத்திரண்டு வீட்டுக்காரர்களுக்கும்
எத்தனை சேற்றுப்புண்ணோ.

அது காலுக்கு இல்ல தஹ்சீன், என்றேன்.
எனக்கு. அதுவும் தப்பு மருந்து.

குழாய் சொட்டிக்கொண்டிருந்தது.
கையிலிருந்த வில்லையை
இப்படியும் அப்படியும் திருப்பினாள்.
பெல் அடித்துவிட்டது.
யாரும் நகரவில்லை.

லேடி டாக்டர்தானே? என்றாள்.