பகலில் வீட்டில் இருப்பவன்

இந்தக் கட்டிடத்தில் பகலில் வீட்டில் இருப்பவன்
நான் ஒருவன்தான்.
பார்சல்காரனுக்கு அது தெரியும்.
பெயர்களைத் தேடுவதில்லை அவன்,
நேராக என் பொத்தானை அழுத்துகிறான்.

ஆலங்கட்டி மழையில் அடிபட்ட கார்களின்
படங்களைப் பார்த்து
ஒடுக்குகளை எண்ணுவது என் வேலை.
கூரையில் பதினேழு. முன்மூடியில் ஒன்பது.
அடுத்த கார்.
தெற்கே பவேரியாவில் யாரோ
தலைக்கு மேல் பையைப் பிடித்தபடி
அந்த மழைக்குள் ஓடியிருப்பார்கள்.
படத்தில் அவர்கள் இல்லை.

பத்தரைக்கு மணி அடிக்கும்.
கராடாஷ் வீட்டுக்கு நாய்த்தீனி, பதினைந்து கிலோ.
குரைப்புச் சத்தம் இதுவரை கேட்டதில்லை.
ஐந்தாம் மாடி ஹென்ரீகேவுக்குக் காலணி,
பாதி திரும்பிப் போகும்.
டோம்ப்ரோவ்ஸ்கிக்கு ஒரு சின்னப் பெட்டி,
குலுக்கினால் சத்தம் வராது.
குலுக்கினேன், ஒப்புக்கொள்கிறேன்.

மாலையில் வந்து வாங்கிப் போவார்கள்.
கதவை எவ்வளவு திறப்பது என்பது
எனக்கு இன்னும் பிடிபடவில்லை.
"ரொம்ப நன்றி."
"அதனாலென்ன."
இதற்காக நாலு மணிக்கே
சட்டை மாற்றிவிடுகிறேன்.

மற்றபடி ப்ரேமனில்
செவ்வாய்க்கும் வியாழனுக்கும் வித்தியாசம்
வாசலில் நிற்கும் குப்பைத்தொட்டியின் நிறம்.

பிப்ரவரியில் எனக்காக ஒரு கெட்டில் வரவழைத்தேன்.
பழையது நன்றாகத்தான் கொதித்தது.
புதன்கிழமை, பத்தரை.
மணி அடித்ததும் எழுந்தேன்,
அப்புறம் உட்கார்ந்துவிட்டேன்.
மறுபடி அடித்தது.
கூரையில் இருபத்திரண்டு என்றேன், வாய்விட்டு.
திருடனைப் போல மூச்சை அடக்கி,
என் வீட்டிலேயே.

அப்போதுதான் கேட்டது
கீழ்க்கதவின் உறுமல்.
யாரோ திறந்துவிட்டார்கள்.
பகலில்.
காலடிகள் என் மாடியைத் தாண்டி மேலே போயின.

கதவிடுக்கில் மஞ்சள் சீட்டு:
உங்கள் பார்சல் மூன்றாம் மாடி, வீபுஷ் வீட்டில்.
ஆறு வருஷத்தில் எந்தப் பெட்டியிலும்
நான் படித்திராத பெயர்.
யாரும் எதுவும் அனுப்பாத பெயர்.

நாலு மணி வரை எந்தக் காரையும் எண்ணவில்லை.
நீலச் சட்டை. வேண்டாம், சாம்பல்.
படிகளில் யாரோ வெங்காயம் வதக்கும் வாசனை.
மணியை அழுத்தினேன்.

உள்ளே நாற்காலி பின்னால் தள்ளப்பட்டது,
செருப்புகள் வேகமாக வந்தன,
கதவருகே வந்ததும் நின்றுவிட்டன.

எனக்குத் தெரியும் அந்த நிற்றல்.
காத்திருந்ததாகத் தெரிந்துவிடக் கூடாதென்று
நானும் நிற்பேன் அப்படி.
மூன்று வரை எண்ணுவேன்.

ஒன்று,
என்றேன் இந்தப் பக்கமிருந்து.