மேல்கம்பி

முதலில் விழுந்தது ஒரு பத்து ரூபாய்.
நோட்டுகளை நீளவாக்கில் மடித்து
இடது கை விரலிடுக்குகளில் செருகுவது எங்கள் வழக்கம்:
சுண்டுவிரல் பக்கம் பத்து, அடுத்தது இருபது, அப்புறம் ஐம்பது.
அதகபாடியில் பத்துகள் மட்டும் உதிர்ந்தன.
விரல் இருந்தது. இறுக்கம் இல்லை.
பிடித்திருக்கிறேன் என்றே நினைத்துக்கொண்டிருந்தேன்.
"காலங்காத்தாலயே ஏத்தியாச்சா?" என்றார்
தக்காளிக் கூடைக்காரர்.
பஸ் சிரித்தது. நானும் சேர்ந்துகொண்டேன்.

இரவில் என்னை எழுப்பிவிட்டுக்
கை தூங்கும்.
மாதம்மா அதைத் தூக்கிக் கன்னத்தில் வைத்துப் பார்த்து
"பிரிட்ஜுல இருந்து எடுத்தாப்ல இருக்குது" என்றாள்.

இடது கை என்றதும் எல்லோருக்கும் இதயம்தான்.
ஈ.சி.ஜி. ஒழுங்காக ஓடியது.
அடுத்தவர் கழுத்து என்றார். பட்டை மாட்டினேன்.
"ஆக்சிடென்ட்டா சார்?" என்று ஜனம் ஒதுங்கி வழிவிட்டது,
அது ஒன்றுதான் பலன்.
மூன்றாமவர் மணிக்கட்டு நரம்பு என்றார்.
மரத்துப்போவது கட்டைவிரல் பக்கம் இல்லையே சார், என்றேன்.
அடுத்த டோக்கனைக் கூப்பிட்டுவிட்டார்.
மந்திரித்த கயிறும் கட்டியிருந்தேன். மறைக்க என்ன இருக்கிறது.

பைபாஸ் ரோட்டு மாடியில் டாக்டர் நுஸ்ரத்
கையைத் தொடுவதற்கு முன்னால் கேட்டார்:
"சென்றாயன், பஸ்ல எப்படி நிப்பீங்க?"

பதினொரு வருடத்தில் ஒருவரும் கேட்காதது.
தன் கைப்பையில் இரண்டு தடித்த புத்தகங்களைப் போட்டு
வார் என் இடது தோளில் பதிய மாட்டினார்.
திரைச்சீலைக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன்,
முழங்கால் தானாக வளைந்தது, வளைவுக்கு வளைவு.

பிறகு இரண்டு கையையும் தூக்கச் சொன்னார்,
போலீஸிடம் மாட்டியவன்போல.
விரல்களை மூடித் திற. மூன்று நிமிடம்.
ஒன்று, சோகத்தூர்.
இரண்டு, இண்டூர்.
பென்னாகரம் வருவதற்குள் இடது கை இறங்கிவிட்டது.
வலது மட்டும் மூடித் திறந்துகொண்டிருந்தது,
யாருக்கோ டாட்டா காட்டுவதுபோல.

கழுத்தைத் திருப்பி மூச்சை அடக்கச் சொல்லி
நாடி பிடித்தவர், "காணோம்" என்றார்.
எனக்கு வியர்த்தது.
"பயப்படாதீங்க. எனக்கும் காணாமப் போகும்.
நிறைய பேருக்கு. இதை மட்டும் வச்சுச் சொல்லிட முடியாது."

எக்ஸ்ரேயில் இருந்தது அது:
கழுத்தின் அடியில், இடது பக்கம், கூடுதலாக ஒரு குட்டி விலா.
முப்பத்தெட்டு வருடமாக
டிக்கெட் எடுக்காமல் கூடவே வந்திருக்கிறது.
"இது இருந்தும் ஒண்ணும் ஆகாதவங்கதான் அதிகம்.
பையும் கம்பியும் இல்லேன்னா
உங்களோடதும் பேசியிருக்காது."

மருந்துச் சீட்டின் பின்பக்கம் வரைந்தார்:
மேலே காறை எலும்பு, கீழே முதல் விலா,
நடுவில் ஒரு சந்து.
கைக்குப் போகும் நரம்புகளும் ரத்தக்குழாயும்
அதன் வழியாகத்தான் போகவேண்டுமாம்.
படிக்கட்டுக் கூட்டம் மாதிரியா மேடம்?
"அதேதான்."

சேலத்தில் நரம்புக்கு ஷாக் வைத்து அளந்தார்கள்.
கையை இறக்கியும் ஏற்றியும் ரத்த ஓட்டம் பார்த்தார்கள்.
அதற்குப் பிறகுதான் பெயர் எழுதினார் நுஸ்ரத்.
ஆபரேஷன் இப்போது வேண்டாம், தோளைப் பழக்குவோம் என்றார்.
'இப்போது' என்ற சொல்லைத்தான் நான் கேட்டேன்.

டிப்போ விடுப்புப் படிவத்தில்
நோயின் பெயருக்கு ஒரு விரல்கடை இடம்.
மார்பு வாயில் நெரிசல், என்று ஒடுக்கி எழுதினேன்.
எழுத்தர் கண்ணாடியை ஏற்றிக்கொண்டார்.
"நெரிசலா? அது பஸ்ஸுலதானேப்பா?"

பை இப்போது இடுப்பில்.
தினமும் காலையில் வாசல் நிலையைப் பிடித்து நெஞ்சை விரிக்கிறேன்.
சுண்டுவிரல் முழுதாகத் திரும்பவில்லை,
பத்துகள் சட்டைப் பையில்.

ஆடிப் பதினெட்டு, ஒகேனக்கல் ஸ்பெஷல்.
கணவாய் இறக்கத்தில் திரும்பிப் பார்த்தேன்:
மேல்கம்பி முழுக்கக் கைகள்,
வளையல், கடிகாரம், ஒரு பிளாஸ்திரி.
இதில் எது குளிர்ந்திருக்கிறதோ.
"உள்ள போங்க, உள்ள போங்க" என்றேன்.
வேறென்ன சொல்ல.